1914 போரைக் கூட்டணிகள்தான் கொண்டுவந்தனவா? (விவாத இழை)

வைகைக்கரை எழுதியது:

வணக்கம் நண்பர்களே. போட்டித் தேர்வுக்குப் படிக்கிற பிள்ளைகளுக்கு மாலை வேளைகளில் வரலாறு எடுக்கிறேன். முதல் உலகப்போர்ப் பாடத்துக்கு எந்தக் கையேட்டைப் புரட்டினாலும் காரணங்களில் முதலாவதாக நிற்பது 'கூட்டணி முறை'. ஒரு பக்கம் ஜெர்மனி, ஆஸ்திரியா-ஹங்கேரி, இத்தாலி. எதிர்ப்பக்கம் பிரான்ஸ், ரஷ்யா, பிரிட்டன். 1914 ஜூன் 28 அன்று சரயேவோவில் ஆஸ்திரிய இளவரசர் சுடப்பட்டார், ஒப்பந்தங்கள் ஒவ்வொரு நாடாக உள்ளே இழுத்தன, ஐரோப்பாவே போரில் இறங்கிவிட்டது என்று பாடத்தை முடித்துவிடுகிறார்கள்.

போன வாரம் ஒரு மாணவி எழுந்து, "சார், இத்தாலி ஜெர்மனியோடு கையெழுத்துப் போட்டிருந்ததே, அப்புறம் எப்படி எதிர்ப்பக்கம் நின்று சண்டை போட்டது? ஒப்பந்தம் இழுக்கும் என்றால் அதையும் இழுத்திருக்க வேண்டுமே?" என்று கேட்டாள். இரண்டு வரியில் சொல்லி முடிக்கிற விஷயம் இல்லை இது. இங்கே ஐரோப்பிய வரலாற்றை ஆழமாகப் படித்தவர்கள் இருக்கிறீர்கள். கூட்டணிகள்தான் போரைக் கொண்டுவந்தனவா? போர் முடிந்த பிறகு அந்தக் கூட்டணிகள் என்ன ஆயின? பொறுமையாக, விரிவாகவே எழுதுங்கள்.

---

செங்காந்தள் எழுதியது:

//ஒப்பந்தம் இழுக்கும் என்றால் அதையும் இழுத்திருக்க வேண்டுமே?//

அந்தப் பெண்ணுக்கு என் பாராட்டைச் சொல்லுங்கள். 1914 ஆகஸ்டில் யார் எந்தக் கையெழுத்தை மதித்தார்கள் என்று ஒவ்வொரு நாடாகப் பார்த்தாலே கையேட்டுப் படம் கலைந்துவிடும்.

இத்தாலி 1882 முதல் மூவர் கூட்டணியில் இருந்தது. ஆனால் அது தற்காப்பு ஒப்பந்தம். துணை நாடு தாக்கப்பட்டால்தான் உதவிக்குப் போகும் கடமை வரும். 1914-ல் ஆஸ்திரியாவை யாரும் தாக்கவில்லை. ஆஸ்திரியாதான் செர்பியா மீது பாய்ந்தது, அதுவும் ரோமிடம் ஒரு வார்த்தை கலந்துகொள்ளாமல். பால்கனில் ஆஸ்திரியாவுக்கு ஏதாவது கிடைத்தால் இத்தாலிக்கும் ஈடு தர வேண்டும் என்று அந்த ஒப்பந்தத்தின் 7-வது பிரிவே சொல்கிறது. அந்தப் பேச்சையே வியன்னா எடுக்கவில்லை. இது போக, 1902-லேயே பிரான்சோடு இத்தாலி ரகசியமாக ஒரு புரிந்துணர்வுக்கு வந்திருந்தது. ஆகவே போர் தொடங்கியதும் நடுநிலை என்று அறிவித்தார்கள்.

ருமேனியாவின் கதையைக் கையேடுகள் தொடுவதே இல்லை. 1883 முதல் அந்த நாடும் ஜெர்மனி, ஆஸ்திரியா பக்கம் ஒப்பந்தம் செய்திருந்தது. ஒப்பந்தம் ரகசியம். மன்னர் முதலாம் கரோலுக்கும் விரல்விட்டு எண்ணக்கூடிய சில தலைவர்களுக்கும் மட்டுமே தெரியும். கரோல், ஜெர்மன் பேரரசரின் ஹோஹென்ஸோலர்ன் குலத்தைச் சேர்ந்தவர். 1914 ஆகஸ்ட் 3 அன்று சினாயா மலையடிவாரத்தில் உள்ள பெலேஷ் அரண்மனையில் அரசவைக் கூட்டம் கூட்டி, ஜெர்மனி பக்கம் போருக்குப் போக வேண்டும் என்று வாதாடினார். கூடியிருந்த தலைவர்களில் பெட்ரே கார்ப் ஒருவர்தான் அவரோடு நின்றார். மற்றவர்கள் எல்லோரும் நடுநிலை என்றார்கள். ஹங்கேரியின் ஆட்சியில் இருந்த திரான்சில்வேனியாவில் லட்சக்கணக்கான ருமேனியர்கள் வாழ்ந்தார்கள். அந்த ஹங்கேரிக்காகச் சாகப் போங்கள் என்று எந்த அரசியல்வாதி தன் மக்களிடம் சொல்வான்? மன்னர் அக்டோபரில் இறந்தார். 1916 ஆகஸ்டில் ருமேனியா எதிர்ப்பக்கம் சேர்ந்தது.

இப்போது மறுபக்கம். பிரான்சுக்காகப் போரிடும் கட்டாயம் பிரிட்டனுக்கு எந்த ஒப்பந்தத்திலும் இல்லை. 1904 உடன்பாடு எகிப்து, மொராக்கோ பங்கீடு பற்றியது. ரஷ்யாவோடு செய்த 1907 உடன்பாடு பாரசீகம், ஆப்கானிஸ்தான், திபெத் பற்றியது. இரண்டிலும் 'ராணுவ உதவி' என்ற பேச்சே கிடையாது. பிரிட்டன் கைகாட்டிய ஒப்பந்தம் பெல்ஜியத்தின் நடுநிலையைக் காக்கும் 1839 ஒப்பந்தம். அதில் கையெழுத்திட்டவர்களில் பிரஷ்யாவும் உண்டு. ரஷ்யாவுக்கும் செர்பியாவுக்கும் இடையிலும் கட்டாய உதவி ஒப்பந்தம் எதுவும் இல்லை.

ஆக, கையெழுத்துப் போட்ட இரண்டு நாடுகள் வரவில்லை. போடாத பிரிட்டன் வந்தது, போடாத ரஷ்யா செர்பியாவுக்காகப் படைதிரட்டியது. இதை இழுத்துப்போகும் சங்கிலி என்று எப்படிச் சொல்வது?

---

கொங்குநாடன் எழுதியது:

செங்காந்தள் அவர்கள் சொன்ன தகவல்கள் எல்லாம் சரி. முடிவைத்தான் என்னால் ஏற்க முடியவில்லை. இத்தாலியும் ருமேனியாவும் ஓரத்தில் நின்றவை. போரின் அச்சாணி பெர்லின், வியன்னா, பாரிஸ், செயின்ட் பீட்டர்ஸ்பர்க் நான்கும்தான். அந்த நான்கிலும் கூட்டணிதான் வேலை செய்தது.

பிரெஞ்சு-ரஷ்ய ராணுவ உடன்பாட்டை எடுத்துக்கொள்ளுங்கள். 1892-ல் வரைந்து 1894 தொடக்கத்தில் நடைமுறைக்கு வந்தது. அதில் மழுப்பலே இல்லை. மூவர் கூட்டணி நாடுகளில் ஒன்று படைதிரட்டினாலும் இரண்டு நாடுகளும் காத்திருக்காமல் உடனே திரட்ட வேண்டும். ஜெர்மனிக்கு எதிராக பிரான்ஸ் 13 லட்சம் பேர், ரஷ்யா 7 முதல் 8 லட்சம் பேர் என்று தலையெண்ணிக்கை வரை எழுதிவைத்தார்கள்.

இந்தத் தாள் பெர்லினில் என்ன செய்தது என்று பாருங்கள். இரண்டு முனைகளில் போர் நிச்சயம் என்று ஆனதும் ஜெர்மன் தலைமைத் தளபதி ஷ்லீஃபன் ஒரு கணக்குப் போட்டார். ரஷ்யா பரந்த நாடு, ரயில் பாதை குறைவு, படை திரட்ட நாளாகும். அதற்குள் ஆறு வாரத்தில் பெல்ஜியம் வழியாகப் போய் பிரான்சை முடித்துவிட்டு, அதே ரயிலில் படையைக் கிழக்கே திருப்ப வேண்டும். ரஷ்யா திரட்டத் தொடங்கிவிட்டால் ஜெர்மனி பிரான்சைத் தாக்கியாக வேண்டும் என்ற விசித்திர நிலை அங்கேதான் பிறந்தது. சண்டை பால்கனில், முதல் அடி பெல்ஜியத்தில்.

1914 ஆகஸ்ட் 1 மாலை பெர்லின் அரண்மனையில் நடந்ததைப் பாருங்கள். பிரான்சைத் தொடாவிட்டால் பிரிட்டன் ஒதுங்கி நிற்கலாம் என்று லண்டன் தூதரிடமிருந்து தந்தி வருகிறது. கெய்சர் வில்ஹெல்முக்கு ஒரே மகிழ்ச்சி. "அப்படியானால் படை முழுவதையும் கிழக்கே அனுப்புவோம்" என்கிறார். தலைமைத் தளபதி மோல்ட்கே முடியாது என்கிறார். பத்து லட்சம் பேரை நகர்த்தும் ஏற்பாட்டை ஒரு மாலைப் பொழுதில் மாற்ற முடியாது, ஓராண்டு உழைப்பில் போட்ட ரயில் அட்டவணை அது என்கிறார். "உன் பெரியப்பா வேறு பதில் சொல்லியிருப்பார்" என்று கெய்சர் குத்திக்காட்டுகிறார். (பிரான்சை 1870-ல் தோற்கடித்த மூத்த மோல்ட்கேவைச் சொல்கிறார்.) லக்சம்பர்க் எல்லையில் நின்ற படைப்பிரிவை நிறுத்திவைக்கச் சொல்லி உத்தரவும் போகிறது. இரவில் லண்டனிலிருந்து தெளிவான மறுப்பு வந்ததும் மோல்ட்கேவை மறுபடி அழைத்து, இனி உம் விருப்பப்படி செய்யலாம் என்கிறார்.

ஒரு பேரரசரே நிறுத்த நினைத்தும் நிற்காத ஏற்பாடு. அந்த அட்டவணையைப் போட வைத்தது பிரெஞ்சு-ரஷ்யக் கூட்டணி. இதைத்தான் கையேடு 'கூட்டணி முறை' என்று ஒரே சொல்லில் சொல்கிறது.

---

செங்காந்தள் எழுதியது:

கூட்டணி ரயில் அட்டவணையாக மாறியது என்ற உங்கள் கருத்து பலமானது. ஆனால் அதே நான்கு தலைநகரங்களிலும் முடிவெடுத்தவர்கள் மனிதர்கள். 1914 ஜூலை 5, 6 தேதிகளில் ஆஸ்திரியாவுக்கு "எது செய்தாலும் உடன் நிற்போம்" என்று ஜெர்மனி கொடுத்த உறுதி எந்த ஒப்பந்தத்திலும் எழுதப்படாதது. இரு நாடுகளும் செய்த 1879 ஒப்பந்தப்படி ரஷ்யா தாக்கினால்தான் உதவிக் கடமை. பால்கன் போர்கள் நடந்த 1912, 1913-ல் இதே ஜெர்மனி இதே ஆஸ்திரியாவின் கையைப் பிடித்து நிறுத்தியது. ஒப்பந்தம் மாறவில்லை. 1914-ல் மனம் மாறியது.

இன்னொன்று. ஆஸ்திரியாவைக் காப்பாற்றத்தான் போருக்குப் போகிறோம் என்ற ஜெர்மனி ஆகஸ்ட் 1 அன்று ரஷ்யா மீதும் 3 அன்று பிரான்ஸ் மீதும் போர் அறிவித்தது. ஆஸ்திரியா ரஷ்யா மீது போர் அறிவித்தது ஆகஸ்ட் 6. உதவி கேட்டவன் வந்து சேர்வதற்குள் உதவிக்குப் போனவன் ஐந்து நாளாகச் சண்டையில் இருந்தான்! பிரிட்டனும் பிரான்சும் ஆஸ்திரியாவோடு போர் என்று அறிவிக்க ஆகஸ்ட் 12 ஆகிவிட்டது.

---

நாவாய் எழுதியது:

நான் கப்பல் பக்கம் மட்டும் பேசுகிறேன், என் ஈடுபாடு அதுதான்.

பிரிட்டனுக்குக் கட்டாயம் இல்லை என்று செங்காந்தள் அக்கா சொன்னது சட்டப்படி சரி. நடைமுறையில் ஒரு கயிறு இருந்தது. 1912 நவம்பரில் வெளியுறவு அமைச்சர் கிரேயும் பிரெஞ்சுத் தூதர் காம்போனும் கடிதம் மாற்றிக்கொண்டார்கள். எங்கள் படைத் தளபதிகள் கலந்து பேசுவதால் யாருக்கும் கடமை வராது என்று அதில் எழுதியிருந்தது. ஆனால் அதே காலத்தில் பிரெஞ்சுக் கடற்படை மத்தியதரைக் கடலுக்குப் போய்விட்டது, பிரிட்டிஷ் கடற்படை வடகடலில் குவிந்தது. பிரான்சின் வடகரை வெறுமையாகக் கிடந்தது. ஜெர்மன் கப்பல் அங்கே வந்தால் லண்டன் வேடிக்கை பார்க்க முடியுமா? "கடமை இல்லை" என்று எழுதிக்கொண்டே கடமையைக் கட்டிக்கொண்டார்கள்.

துருக்கி சேர்ந்ததும் கப்பலால்தான். பிரிட்டிஷ் தளங்களில் உதுமானிய அரசுக்காக இரண்டு பெரிய போர்க்கப்பல்கள் தயாராகி நின்றன. துருக்கிப் பொதுமக்கள் நன்கொடை திரட்டிக் கொடுத்த பணமும் அதில் சேர்ந்தது. போர் தொடங்கும் தறுவாயில் பிரிட்டன் இரண்டையும் எடுத்துக்கொண்டது. ஆகஸ்ட் 10 அன்று கோபென், பிரெஸ்லாவ் என்ற இரண்டு ஜெர்மன் கப்பல்கள் பிரிட்டிஷ் கடற்படைக்குத் தப்பி டார்டனெல்ஸ் நீரிணைக்குள் வந்தன. ஜெர்மனி அவற்றைத் துருக்கிக்கு விற்றதாக அறிவித்தார்கள். ஜெர்மன் மாலுமிகள் துருக்கித் தொப்பி போட்டுக்கொண்டு அதே கப்பலில் இருந்தார்கள். அக்டோபர் 29 அன்று அந்தக் கப்பல்கள் கருங்கடலில் ரஷ்யத் துறைமுகங்களைச் சுட்டன. ஆகஸ்ட் 2 அன்றே ஜெர்மனியோடு ரகசிய ஒப்பந்தம் இருந்தும், அது செயலுக்கு வர மூன்று மாதமும் ஒரு கடற்தாக்குதலும் வேண்டியிருந்தது.

நம்மூருக்கு வந்த எம்டன் என்ற ஜெர்மன் போர்க்கப்பலையும் இங்கே சொல்லியாக வேண்டும். 1914 செப்டம்பர் 22 இரவு சென்னைத் துறைமுகத்துக்கு வெளியே நின்று எண்ணெய்க் கிடங்கைக் கொளுத்திவிட்டுப் போன அதே கப்பல்தான். அதை வேட்டையாடியவர்களைப் பார்த்தால் கூட்டணி என்றால் என்ன என்று புரியும். நவம்பர் 9 அன்று கோகோஸ் தீவருகே அதை முடித்தது ஆஸ்திரேலியாவின் சிட்னி கப்பல். ஆஸ்திரேலிய, நியூசிலாந்துப் படைகளை ஏற்றிச் சென்ற கப்பல் கூட்டத்துக்கு அது காவலாகப் போய்க்கொண்டிருந்தது. அதே கூட்டத்துக்குக் காவலாக வந்த இன்னொரு கப்பல் ஜப்பானின் இபுகி. எம்டனைப் பிடிக்க நானே போகிறேன் என்று இபுகியின் தளபதி கேட்டார், அனுமதி கிடைக்கவில்லை. 1902-ல் ரஷ்யாவை மனதில் வைத்துச் செய்த ஆங்கிலோ-ஜப்பானிய ஒப்பந்தம், 1914-ல் ரஷ்யாவையும் ஜப்பானையும் ஒரே பக்கத்தில் நிறுத்திவிட்டது.

---

பினாங்குக்காரன் எழுதியது:

எங்கள் ஊர் வழியாகவும் எம்டன் போனது. 1914 அக்டோபர் 28 அதிகாலை பினாங்குத் துறைமுகத்துக்குள் புகுந்து ஷெம்சுக் என்ற ரஷ்யக் கப்பலை மூழ்கடித்தது. வெளியேறும்போது மூஸ்கே என்ற பிரெஞ்சு நாசகாரிக் கப்பலையும் மூழ்கடித்தது. பிரிட்டிஷ் துறைமுகத்தில் ரஷ்ய, பிரெஞ்சு மாலுமிகள் செத்தார்கள்.

அடுத்த பிப்ரவரியில் சிங்கப்பூரில் நடந்தது இன்னும் கசப்பானது. 5-வது இலகு காலாட்படையைச் சேர்ந்த இந்தியச் சிப்பாய்கள் 1915 பிப்ரவரி 15 அன்று கலகம் செய்தார்கள். பெரும்பாலும் முஸ்லிம்கள். முந்தைய நவம்பரில் துருக்கி சுல்தான் ஜிகாத் அறிவித்திருந்தார். தங்களைத் துருக்கியருக்கு எதிராகப் போரிட அனுப்பப் போகிறார்கள் என்ற வதந்தி படைமுகாமில் பரவியிருந்தது. உண்மையில் அவர்கள் போக வேண்டிய இடம் ஹாங்காங். கலகத்தை அடக்க ஜப்பானிய, ரஷ்ய, பிரெஞ்சுக் கப்பல்களிலிருந்து மாலுமிகள் இறங்கினார்கள். 47 சிப்பாய்களைச் சிறைச் சுவரோரம் நிறுத்தி, பொதுமக்கள் பார்க்கச் சுட்டார்கள். கூட்டணி என்றால் எனக்கு நினைவுக்கு வருவது இந்தச் சுவர்தான். எந்த ஒப்பந்தத்திலும் அந்தச் சிப்பாய்களைக் கேட்டு யாரும் கையெழுத்துப் போடவில்லை.

---

செங்காந்தள் எழுதியது:

பினாங்குக்காரன் ஐயா எழுதியதைப் படித்துவிட்டுக் கொஞ்ச நேரம் எதுவும் எழுத முடியவில்லை. நன்றி.

வைகைக்கரை கேட்ட இரண்டாவது கேள்விக்கு வருகிறேன். என் கருத்து இது: போருக்கு முன் எழுதிய ஒப்பந்தங்களைவிட, போர் நடக்கும்போது துணை தேடி எழுதிய ஒப்பந்தங்கள்தான் உலகத்தை அதிகம் கெடுத்தன. முன்னவை படைகளைப் பற்றியவை. பின்னவை அடுத்தவர் நிலத்தைப் பற்றியவை.

மாணவி கேட்ட இத்தாலியிலிருந்தே தொடங்கலாம். நடுநிலையாக இருந்த ஒன்பது மாதமும் ரோம் இரண்டு பக்கமும் விலை கேட்டது. ஆஸ்திரியா தன் நிலத்தைத் தானே வெட்டிக் கொடுக்க வேண்டும், மனம் வரவில்லை. நேச நாடுகளுக்கு எதிரியின் நிலத்தை வாரி வழங்குவதில் என்ன கஷ்டம்? 1915 ஏப்ரல் 26 அன்று லண்டனில் ரகசியமாகக் கையெழுத்தானது. பிரென்னர் கணவாய் வரை தெற்கு டைரோல், திரியெஸ்ட், இஸ்திரியா, டால்மேஷியக் கரையில் ஒரு பகுதி. அங்கே வாழ்ந்த ஜெர்மானியரையும் ஸ்லாவியரையும் யாரும் கேட்கவில்லை. மே 23 அன்று இத்தாலி ஆஸ்திரியா மீது போர் அறிவித்தது. ஜெர்மனி மீது அறிவிக்க மேலும் ஓராண்டுக்கு மேல், 1916 ஆகஸ்ட் வரை இழுத்தது. இசோன்சோ ஆற்றங்கரையில் மட்டும் பதினொரு தாக்குதல்கள் நடத்தினார்கள். பன்னிரண்டாவது சண்டை, எதிரி தாக்கிய கபொரெட்டோ. இத்தாலியின் ராணுவச் சாவு சுமார் 6 லட்சம்.

போர் முடிந்தது, பாரிசில் பேச்சு. அமெரிக்க அதிபர் வில்சன், நான் கையெழுத்துப் போடாத ரகசியத் தாள் என்னைக் கட்டுப்படுத்தாது என்றார். டால்மேஷியா கிடைக்கவில்லை. ஒப்பந்தத்தில் இல்லாத ஃபியூமே துறைமுகத்தையும் இத்தாலி சேர்த்துக் கேட்டது, அதுவும் கிடைக்கவில்லை. பிரதமர் ஓர்லாண்டோ 1919 ஏப்ரலில் மாநாட்டை விட்டே வெளியேறினார். வென்ற பக்கத்தில் நின்றும் ஏமாற்றப்பட்டோம் என்ற ஆத்திரம் நாடு முழுக்கப் பரவியது. செப்டம்பரில் கவிஞர் தன்னூன்ஸியோ தொண்டர் படையோடு போய் ஃபியூமேவைப் பிடித்துக்கொண்டார். அங்கே பழகிய கருஞ்சட்டை, மாடத்துப் பேச்சு எல்லாம் பிறகு முசோலினியிடம் வந்து சேர்ந்தன. 1922-ல் அவர் ஆட்சியில்.

அரபு நிலங்களைப் பற்றிப் பலரும் எழுதியாயிற்று, சுருக்கமாகச் சொல்கிறேன். அரபு அரசு அமைய உதவுவோம் என்று மெக்கா ஷெரீஃப் ஹுசைனுக்கு பிரிட்டன் ஒரு வாக்கு கொடுத்தது. 1916-ல் அரபு நிலங்களைப் பிரான்சோடு பிரித்துக்கொள்ளும் சைக்ஸ்-பீகோ பங்கீடு, 1917 நவம்பர் 2-ல் பாலஸ்தீனத்தில் யூதர்களுக்குத் தாயகம் என்ற பால்ஃபர் அறிவிப்பு. ரஷ்யாவுக்கு 1915-லேயே கான்ஸ்டான்டிநோபிளைத் தருவதாக வாக்கு. 1917-ல் போல்ஷெவிக்குகள் ஆட்சிக்கு வந்ததும் ஜார் மன்னரின் பெட்டியில் இருந்த தாள்களை எடுத்துச் செய்தித்தாளில் போட்டுவிட்டார்கள். உலகமே படித்தது.

நான் அதிகம் வருந்துவது சீனாவை நினைத்து. ஷாண்டோங் மாகாணத்தில் ஜெர்மனி வைத்திருந்த சிங்தாவ் துறைமுகத்தை 1914 நவம்பரில் ஜப்பான் பிடித்தது. சீனா 1917 ஆகஸ்டில் நேச நாடுகள் பக்கம் சேர்ந்தது. அதற்கு முன்பே பிரான்சுக்கும் பெல்ஜியத்துக்கும் சுமார் 1 லட்சத்து 40 ஆயிரம் சீனத் தொழிலாளர்கள் போகத் தொடங்கியிருந்தார்கள். பதுங்குகுழி வெட்டினார்கள், குண்டு சுமந்தார்கள், ரயில் பாதை போட்டார்கள், போர் ஓய்ந்த பிறகு பிணங்களைப் புதைத்தார்கள், வெடிக்காத குண்டுகளைப் பொறுக்கினார்கள். பிரான்சில் நுவாயெல்-சுர்-மெர் என்ற சிற்றூரில் அவர்களுக்கென்றே ஒரு கல்லறைத் தோட்டம் இருக்கிறது. 800-க்கு மேற்பட்ட வெள்ளைக் கற்கள், சீன எழுத்தில் பெயர்கள். இவ்வளவும் செய்துவிட்டு, துணை நாடு என்ற முறையில் ஷாண்டோங் திரும்பக் கிடைக்கும் என்று பாரிசுக்குப் போனார்கள். அந்த மாகாணத்தில் ஜெர்மனிக்கு இருந்த உரிமைகளை ஜப்பானுக்கு ஆதரிப்போம் என்று பிரிட்டனும் பிரான்சும் 1917 தொடக்கத்திலேயே ரகசியமாக எழுதிக் கொடுத்திருந்தன. உரிமை ஜப்பானுக்குப் போனது. 1919 மே 4 அன்று பெய்ஜிங் மாணவர்கள் தெருவில் இறங்கினார்கள். சீனப் பிரதிநிதிகள் ஜெர்மனியோடு செய்த வெர்செய்ல்ஸ் அமைதி ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடவில்லை. சீனப் பொதுவுடைமைக் கட்சியைத் தொடங்கியவர்களில் முக்கியமானவர்கள் அந்த மே மாதத்திலிருந்து வந்தவர்கள்.

---

கொங்குநாடன் எழுதியது:

ஷாண்டோங் பற்றி எழுதியதை முழு மனதோடு ஏற்கிறேன். அதோடு, 1919-ல் கையெழுத்துப் போட்டவர்களில் இந்தியாவும் இருந்தது என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். இந்தியாவின் பெயரில் போட்டவர்கள் இந்தியத் துறைச் செயலர் மாண்டேகுவும் பிகானீர் மகாராஜா கங்கா சிங்கும். பத்து லட்சத்துக்கு மேற்பட்டவர்களைக் கடல்கடந்து அனுப்பிய நாடு. கையெழுத்தான 1919 ஜூன் 28-க்கு இரண்டரை மாதம் முன்புதான் ஜாலியன்வாலா பாக்.

ஆனால் போருக்குப் பிந்தைய நாசத்துக்கு ரகசிய வாக்குறுதிகளே முதல் காரணம் என்பதை ஏற்கமாட்டேன். 1919-க்குப் பிறகு ஐரோப்பாவுக்கு இல்லாமல் போனது உறுதியான கூட்டணி.

பிரான்சின் நிலையை யோசியுங்கள். சுமார் 14 லட்சம் வீரர்களை இழந்த நாடு. ஜெர்மனியின் மக்கள்தொகையோ பிரான்சைவிட மிக அதிகம். ரைன் ஆறு வரை நிலம் வேண்டும் என்று தளபதி ஃபோஷ் கேட்டார். வில்சனும் பிரிட்டிஷ் பிரதமர் லாயிட் ஜார்ஜும், அது வேண்டாம், ஜெர்மனி மறுபடி தாக்கினால் நாங்கள் உதவிக்கு வருவோம் என்று எழுதித் தருகிறோம் என்றார்கள். பிரதமர் கிளெமான்சோ நம்பி விட்டுக்கொடுத்தார். வெர்செய்ல்ஸ் ஒப்பந்தம் கையெழுத்தான அன்றே அந்த இரண்டு உறுதிப் பத்திரங்களும் கையெழுத்தாயின. அமெரிக்க மேலவை வெர்செய்ல்ஸ் ஒப்பந்தத்தையே நிராகரித்தது, உறுதிப் பத்திரத்தை வாக்கெடுப்புக்குக்கூட எடுக்கவில்லை. பிரிட்டனின் பத்திரம் அமெரிக்காவின் ஒப்புதலைச் சார்ந்து எழுதப்பட்டது. ஒன்று விழுந்ததும் மற்றதும் விழுந்தது. பிரான்ஸ் நிலத்தையும் இழந்து உறுதியையும் இழந்தது.

அப்புறம் அது தேடியலைந்த துணைகள்: 1921-ல் போலந்து, 1924-ல் செக்கோஸ்லோவாக்கியா, 1926-ல் ருமேனியா, 1927-ல் யூகோஸ்லாவியா. எல்லாம் ஜெர்மனிக்கு அப்பால் இருந்த நாடுகள். அவற்றைக் காப்பாற்ற வேண்டுமானால் பிரெஞ்சுப் படை ஜெர்மனிக்குள் நுழைய வேண்டும். பிரான்சோ 1930 வாக்கில் எல்லையில் மாஜினோ அரண் கட்டத் தொடங்கியது. அரணுக்குள் உட்கார்ந்துகொண்டு செக்கோஸ்லோவாக்கியத் தலைநகர் ப்ராகை எப்படிக் காப்பது?

1935-ல் சோவியத் நாடும் செக்கோஸ்லோவாக்கியாவும் செய்த ஒப்பந்தத்தில் ஒரு நிபந்தனை: பிரான்ஸ் முதலில் உதவிக்கு வந்தால்தான் சோவியத் உதவி. 1938 செப்டம்பரில் பிரான்ஸ் நகரவில்லை, அதனால் சோவியத் கடமையும் எழவில்லை. மியூனிக்கில் ஜெர்மனி, இத்தாலி, பிரிட்டன், பிரான்ஸ் நான்கும் கூடி, செக்கோஸ்லோவாக்கியாவை அறைக்கு வெளியே நிறுத்திவிட்டு அதன் எல்லையை வெட்டினார்கள். 1914-ல் கூட்டணி இறுக்கமாக இருந்ததால் போர் என்றால், 1938-ல் அது நெகிழ்ந்ததால் போர்.

---

வைகைக்கரை எழுதியது:

கேட்டதற்கு மேல் கிடைக்கிறது, எல்லோருக்கும் நன்றி. ஒரு துணைக் கேள்வி. பிள்ளைகள் இரண்டாம் போருக்கு வெர்செய்ல்ஸ் இழப்பீட்டைத்தான் முதல் காரணமாக எழுதுகிறார்கள். 132 பில்லியன் தங்க மார்க் என்று எண்ணை மனப்பாடம் செய்திருக்கிறார்கள். அது எவ்வளவு தூரம் சரி?

---

நாவாய் எழுதியது:

எண் சரி, 1921 மே மாதம் லண்டனில் நிர்ணயித்தது. ஆனால் அதை மூன்று வகைப் பத்திரங்களாகப் பிரித்தார்கள். மூன்றாவது வகை மட்டும் 82 பில்லியன். அதை வசூலிக்கும் எண்ணம் யாருக்கும் பெரிதாக இல்லை. நேச நாட்டு மக்கள் மனம் ஆற வேண்டும் என்று போட்ட எண். நடைமுறைக் கடன் 50 பில்லியன். அதுவும் 1932-ல் லோசான் மாநாட்டோடு நின்றுபோனது. ஹிட்லர் ஆட்சிக்கு வந்தது 1933 ஜனவரி. அவர் வந்தபோது இழப்பீடு அநேகமாகச் செத்துவிட்டது. அந்தக் கடனைக் கட்ட வெளிநாட்டில் விற்ற பத்திரங்களின் நிலுவை வட்டியை ஜெர்மனி 2010 அக்டோபர் 3 அன்று கட்டி முடித்தது என்பது பிள்ளைகளுக்கு நினைவில் நிற்கும் தகவல்.

---

செங்காந்தள் எழுதியது:

//1938-ல் அது நெகிழ்ந்ததால் போர்//

கொங்குநாடன், நெகிழ்ந்தது ஏன் என்று ஒரு படி உள்ளே போங்கள். 1935 ஏப்ரலில் இத்தாலியின் ஸ்ட்ரேசா நகரில் பிரிட்டன், பிரான்ஸ், இத்தாலி மூன்றும் ஹிட்லருக்கு எதிராக ஒன்று சேர்ந்தன. இரண்டே மாதத்தில், ஜூன் 18 அன்று, பிரிட்டன் தன் துணைகளைக் கேட்காமல் ஜெர்மனியோடு தனியாகக் கடற்படை ஒப்பந்தம் போட்டது. பிரிட்டிஷ் கடற்படையில் 35 சதவீத அளவுக்கு ஜெர்மனி கப்பல் கட்டலாம் என்றது. வாட்டர்லூ போர் நடந்த அதே தேதியில் கையெழுத்து, பிரெஞ்சுக்காரர்களின் வயிறு எப்படி எரிந்திருக்கும்! அக்டோபரில் முசோலினி அபிசீனியாவை (இன்றைய எத்தியோப்பியா) தாக்கினார். அங்கேயும் கணக்கு 1915-ஐத் தொட்டது. காலனிகளில் உரிய பங்கு தருவோம் என்று லண்டன் ஒப்பந்தத்தில் எழுதிய வாக்கு காற்றில் போயிற்று என்பது இத்தாலியப் பிரசாரத்தில் ஓயாத பாட்டு. ஸ்ட்ரேசா கூட்டு உடைந்தது. 1936 நவம்பரில் ரோம்-பெர்லின் அச்சு என்ற சொல்லை முசோலினி மேடையிலேயே சொன்னார்.

அபிசீனிய மக்கள் மீது நச்சுவாயு பொழிந்ததற்கு இதை நியாயமாக நான் சொல்லவில்லை. அதற்கு நியாயமே கிடையாது. கொடுக்க உரிமை இல்லாததைக் கொடுப்பதாக எழுதிய தாள் இருபது ஆண்டு கழித்தும் வேலை செய்தது என்பதைத்தான் சொல்கிறேன்.

---

கொங்குநாடன் எழுதியது:

இந்த இடத்தில் நாம் இருவரும் நெருங்கி வருகிறோம் என்று நினைக்கிறேன். இருந்தாலும் தேர்வுத் தாளில் 'கூட்டணி முறை' என்ற விடையை அடிக்கச் சொல்லமாட்டேன். இத்தாலிக்கும் ருமேனியாவுக்கும் ஒரு பத்தி சேர்த்து எழுதட்டும், அந்த மாணவிக்கு அது போதும்.

ஒன்றே ஒன்று கேட்கிறேன். அச்சு நாடுகளின் கூட்டணி உறுதியானது என்று எல்லோரும் எழுதுகிறார்கள். ஜெர்மனி, இத்தாலி, ஜப்பான் மூன்றும் 1940 செப்டம்பர் 27 அன்று செய்த முத்தரப்பு ஒப்பந்தம் அவ்வளவு பலமா?

---

செங்காந்தள் எழுதியது:

பெயரில்தான் பலம். அதுவும் தற்காப்பு ஒப்பந்தம்தான். 1941 டிசம்பரில் ஜப்பான் பேர்ல் ஹார்பரைத் தாக்கியபோது, அமெரிக்கா மீது போர் அறிவிக்க ஹிட்லருக்கு எந்தக் கடமையும் இல்லை. டிசம்பர் 11 அன்று அவராகவே அறிவித்தார். மறுபக்கம், அதே ஆண்டு ஜூனில் ஹிட்லர் சோவியத்தைத் தாக்கியபோது ஜப்பான் அசையவில்லை. ஏப்ரல் 13 அன்றே மாஸ்கோவில் சோவியத்தோடு நடுநிலை உடன்பாடு செய்திருந்தது.

அதன் விளைவு: ஜெர்மனியைத் தோற்கடிக்க அமெரிக்கா சோவியத்துக்கு அனுப்பிய சரக்கில் ஏறக்குறைய பாதி பசிபிக் வழியாக விளாடிவோஸ்டாக்குக்குப் போனது. உணவு, லாரி, ரயில் எஞ்சின். நேரடிப் போர்த்தளவாடம் மட்டும் அந்த வழியில் போகவில்லை. சோவியத் கொடி பறந்த கப்பல்கள் ஜப்பானின் தீவுகளுக்கு நடுவே ஆண்டுக்கணக்கில் போய்வந்தன. சிலவற்றை நிறுத்திச் சோதித்தார்கள், பெரும்பாலானவற்றை விட்டுவிட்டார்கள். பெர்லின் எவ்வளவோ கேட்டுப் பார்த்தும் டோக்கியோ அந்த வழியை அடைக்கவில்லை.

---

பினாங்குக்காரன் எழுதியது:

இது எனக்குப் புதிய செய்தி. அந்த விளாடிவோஸ்டாக் வழியைப் பற்றித் தனி இழை தொடங்குங்கள் அக்கா. அதே ஆண்டுகளில் இங்கே மலாயாவிலிருந்து சயாம் ரயில் பாதை போடத் தமிழ்த் தோட்டத் தொழிலாளிகளை ஜப்பானியர் சரக்குப் பெட்டிகளில் ஏற்றிக்கொண்டிருந்தார்கள். எங்கள் குடும்பத்திலும் போனவர்கள் உண்டு. அதை அங்கே எழுதுகிறேன்.